சிப்போராம்மா வாய் திறக்காத ஞாயிறு

உலகத்தில் எங்கே போய்ப் பேசினாலும் டாக்டர் அர்னெட்டா ஸ்டால்வொர்த் பேசி முடித்ததும் ஜனம் எழுந்து நின்று கை தட்டும். அலபாமாவில் அவள் பிறந்து வளர்ந்த புது பெத்தேல் சபையில் மட்டும் அவள் இதுவரை ஒரு பேச்சையும் முடித்தது கிடையாது. முடிக்க விட்டால்தானே?

அந்தச் சபையின் வழக்கம் அப்படி. சாட்சி சொன்னாலும் சரி, ஜெபம் பண்ணினாலும் சரி, பிரசங்கமே பண்ணினாலும் சரி, அளவு தாண்டிவிட்டது என்று முன்வரிசைத் தாய்மாருக்குத் தோன்றினால் போதும். வெள்ளை உடுப்பும் வெள்ளைத் தொப்பியுமாக உட்கார்ந்திருக்கும் அந்தப் பத்துப் பன்னிரண்டு கிழவிகளில் சிப்போரா பெட்டிஸ் கண்ணை மூடிக்கொண்டு ஒரு பழைய பாட்டை எடுப்பாள். அவள் எடுத்த மாத்திரத்தில் மற்ற தாய்மார் பிடித்துக்கொள்வார்கள், அப்புறம் சபையே பிடித்துக்கொள்ளும். கர்த்தருடைய பாட்டுக்கு மேலே குரலை உயர்த்த எவனுக்குத் துணிச்சல் வரும்? ஆமென் போட்டுவிட்டு உட்கார வேண்டியதுதான். ஓட்டுக் கேட்டு வந்த அரசியல்வாதி ஒருவரை மூன்றாவது நிமிடத்தில் உட்கார வைத்திருக்கிறாள். வெளியூரிலிருந்து வந்த பேராயரை, அவர் மூக்குக் கண்ணாடியை எடுத்து மாட்டுவதற்கு முன்பே.

அர்னெட்டா பேர் வாங்கியதே இந்த வழக்கத்தை வைத்துத்தான். கறுப்பினப் பெண்களின் விசுவாசம், இறையியல், பண்பாடு என்று முப்பது வருஷமாக ஆராய்ச்சி பண்ணி, அட்லாண்டாவில் பெரிய பேராசிரியை ஆகிவிட்டாள். அவள் எழுதிய புத்தகத்தின் பெயர் 'பீடமும் கடிகாரமும்'. பிரசங்க பீடத்தில் ஏறவிடாத பெண்கள், பீடத்தில் நிற்கிறவனின் நேரத்தைத் தங்கள் கையில் வைத்துக்கொண்ட கதை அது. "பீடம் அவங்களோடது, கடிகாரம் நம்மளோடது" என்ற அதன் முதல் வரி இன்றைக்குக் காபிக் கோப்பையிலும் துணிப்பையிலும் அச்சாகி விற்கிறது.

அந்த வரி அவளுடையது அல்ல. அவள் அம்மா யூலேலியா, ஆலயச் சமையலறையில் அடிப்பிடித்த பாத்திரத்தைச் சுரண்டிக்கொண்டே சொன்னது. அர்னெட்டா அப்போது பக்கத்தில் நின்று துடைத்துக்கொண்டிருந்தாள். புத்தகம் எழுதியபோது அம்மா பெயரைப் போடவில்லை. முதலில் அது மறதி. புத்தகம் ஓடிய பிறகு வெட்கம். பதவி வந்த பிறகு பயம். அம்மா ஒரு நாளும் அதைப் பற்றி வாய் திறந்து கேட்கவும் இல்லை. கேட்காமல் இருந்ததுதான் நெஞ்சில் முள்ளாகத் தைத்தது.

ஆறு வருஷத்துக்கு முன்னால் அம்மா இறந்தாள். அடக்க ஆராதனையில் மகள் பேச இரண்டு நிமிடம் கொடுத்தார்கள். அர்னெட்டா ஒன்பது தாள் எழுதிக்கொண்டு போனாள். உண்மை ஒன்பதாவது தாளில் இருந்தது. நாலாவது தாளில் சிப்போராம்மா பாட்டை எடுத்துவிட்டாள்.

அன்று உட்கார்ந்தவளுக்கு ஆறு வருஷமாக மனம் உட்காரவில்லை. இப்போது மாதர் ஞாயிறுக்குப் பேச அழைத்திருந்தார்கள். இந்தத் தடவை எல்லார் முன்னாலும் அதைச் சொல்லியே தீருவது, சிப்போராம்மா குறுக்கே வராமல் முதலிலேயே பார்த்துக்கொள்வது என்று முடிவு கட்டிக்கொண்டு வந்தாள்.

சனிக்கிழமை மத்தியானம் சிப்போராம்மாவை எங்கே என்று தேட வேண்டியதில்லை. மாதர் ஞாயிறுக்கு முந்தின நாள் தாய்மார் தலையெல்லாம் ஒரே முடி அலங்காரக் கடையில்தான் இருக்கும். எண்பத்திரண்டு வயதுக்காரி, தலை நிறையச் சுருள்களோடு, முடி உலர்த்தும் இயந்திரத்தின் குடைக்குள் ராணி மாதிரி உட்கார்ந்திருந்தாள்.

"சிப்போராம்மா, உங்ககிட்ட ஒரு விஷயம் கேக்கணும்."

"இந்த மெஷின் இரைச்சல்ல ஒண்ணுமே காதுல விழலடி, நெட்டா."

"நாளைக்கு நான் பேசறேன்ல..."

"அது விழுந்துச்சு. எவ்வளவு நேரம்?"

"நாப்பது பக்கம் எழுதியிருக்கேன்."

"நான் பக்கத்தையா கேட்டேன்? ஆராதனை முடிஞ்சு விருந்துக்குக் கோழியை எத்தனை மணிக்கு எண்ணெயில போடணும்னு கேக்கறேன். அப்படி எதைப் பத்தி நாப்பது பக்கம்?"

"உங்களைப் பத்திதாம்மா. நம்ம பொம்பளைங்களைப் பத்தி. நம்ம விசுவாசத்தைப் பத்தி."

"எங்களைப் பத்தி எங்களுக்கே நாப்பது பக்கமா!" சிப்போராம்மா கடைக்காரியைத் திரும்பிப் பார்த்தாள். "கேட்டியா? எங்ககிட்ட இவ்வளவு சமாச்சாரம் இருக்குன்னு எங்களுக்கே தெரியாது."

கடைக்காரி சிரிப்பை அடக்க முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அர்னெட்டாவுக்குச் சிரிப்பு வரவில்லை. "அம்மா அடக்கத்தன்னைக்கும் என்னை உட்கார வச்சுட்டீங்க. சொல்ல வந்ததை நான் சொல்லவே இல்ல. நாளைக்காவது என்னை முடிக்க விடுங்க. உங்க காலைப் பிடிச்சுக் கேக்கறேன்."

சிப்போராம்மா கையை நீட்டி இயந்திரத்தை நிறுத்தினாள். கடை அமைதியாயிற்று. "அதை இன்னும் சுமந்துக்கிட்டுத் திரியறியா நீ?"

"ஆறு வருஷமா."

கிழவி குடைக்குள்ளிருந்து தலையை வெளியே எடுத்தாள். "சரி. நாளைக்கு நான் சர்ச் படி ஏறினதுலயிருந்து கடைசி ஆசீர்வாதம் முடியற வரைக்கும் என் வாய் திறக்காது. போதுமா?"

"யாருக்காகவும் திறக்கக் கூடாது."

"பரலோகத்துலயிருந்து தூதன் இறங்கி வந்து சௌக்கியமான்னு கேட்டாலும் தலையைத்தான் ஆட்டுவேன். ஆனா ஒண்ணு, கண்ணு. கேட்டது நீ. அப்புறம் என்கிட்ட வந்து அழக் கூடாது."

கை குலுக்கிக்கொண்டார்கள். இயந்திரம் மறுபடி ஓடத் தொடங்கியது. வாசலைத் தாண்டும்போது பின்னால் ஏதோ சிரிப்புச் சத்தம் மாதிரி கேட்டது. இயந்திரம்தான் என்று அர்னெட்டா நினைத்துக்கொண்டாள். படித்தவள் அல்லவா, எதற்கும் ஒரு விளக்கம் கையில் இருக்கும்.

ஞாயிறு பதினோரு மணிக்கு ஆராதனை தொடங்கியது. சிப்போராம்மா வெள்ளைத் தொப்பியில் ஒரு முழ இறகோடு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். எதிரில் வந்து ஸ்தோத்திரம் சொன்னவர்களுக்கெல்லாம் தலையை ஆட்டினாள். உதடு ஒட்டினது ஒட்டினபடி இருந்தது. மேடையில் விருந்தாளி நாற்காலியில் இருந்த அர்னெட்டா அதைப் பார்த்து மனதுக்குள் ஸ்தோத்திரம் சொல்லிக்கொண்டாள்.

முதலில் ஜெரால்டீன் அறிவிப்பு வாசிக்க எழுந்தாள். எப்போதும் ஐந்தாவது நிமிடத்தில் பாட்டு வந்துவிடும், அவளும் அதற்குத் தக்கபடி ஓட்டமாக ஓடுவாள். இன்றைக்கு ஐந்து ஆயிற்று, ஆறு ஆயிற்று, பாட்டைக் காணோம். ஜெரால்டீன் நிமிர்ந்து பார்த்தாள். சிப்போராம்மா விசிறிக்கொண்டிருந்தாள். ஜெரால்டீனின் முகத்தில், தோட்டத்துக் கதவு திறந்து கிடப்பதைக் கண்ட ஆட்டின் சந்தோஷம் தெரிந்தது. அறிவிப்பு முடிந்து தன் முழங்கால் அறுவைச் சிகிச்சைக்கு வந்தாள். அதிலிருந்து மருத்துவரின் குணத்துக்குப் போனாள். போன ஈஸ்டர் விருந்தில் காணாமல் போன தன் நீல டப்பா மூடியைப் பற்றி, யார் என்று பெயர் சொல்லாமல், ஆனால் நாலாவது வரிசையையே உற்றுப் பார்த்துக்கொண்டு, பத்து நிமிடம் பேசினாள்.

தாய்மார் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர்களாகவே ஒரு பாட்டை எடுத்திருக்கலாமே என்று கேட்பீர்கள். அது நடக்காது. பாட்டெடுக்கிறவள் உயிரோடு முன்வரிசையில் இருக்கும்போது அவள் வாயிலிருந்து பாட்டைப் பிடுங்குகிற துணிச்சல் அந்தச் சபையில் யாருக்கும் இல்லை. அர்னெட்டாவே இதைப் பற்றிப் புத்தகத்தில் பதினாலு பக்கம் எழுதியிருக்கிறாள். எழுதியவள், நேற்று கை குலுக்கும்போது அதை நினைத்துப் பார்க்கவில்லை. வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்டாயிற்று.

அடுத்து மூப்பர் லெமுவேல் கிரம் ஜெபிக்க முழங்கால் போட்டார். அவர் ஜெபம் எல்லாருக்கும் மனப்பாடம். காலையில் எழுப்பிவிட்டதற்கு நன்றி, படுக்கை சவப்பெட்டி ஆகாததற்கு நன்றி, நோயாளிகளுக்குச் சுகம். அந்த நோயாளிகளில் வைத்துத்தான் சிப்போராம்மா பாட்டை எடுப்பாள், அவரும் எழுந்துவிடுவார். இன்றைக்கு நோயாளிகள் முடிந்தார்கள், மூப்பர் இன்னும் முழங்காலில் இருந்தார். தெரியாத ஊருக்கு வந்தவர் மாதிரி கொஞ்சம் திகைத்தார். அப்புறம் சிறையில் உள்ளவர்களுக்காக ஜெபித்தார், கப்பலில் உள்ளவர்களுக்காக ஜெபித்தார், ஆகாயத்தில் பறக்கிறவர்களுக்காக ஜெபித்தார். கண்டங்களை ஒவ்வொன்றாகப் பேர் சொல்லி ஜெபித்தார். அண்டார்டிக்காவும் முடிந்தபோது அவருக்கு ஒன்றும் மிச்சமில்லை, ஆனால் ஆமென் எங்கே போடுவது என்று தெரியவில்லை. இருபது வருஷமாக அந்த வேலையைப் பாட்டு பார்த்துக்கொண்டது. மறுபடியும், "காலையில எங்களை எழுப்பிவிட்டீரே, ஆண்டவரே" என்று முதலிலிருந்து ஆரம்பித்தார்.

"அண்ணே, அதைச் சொல்லியாச்சு!" என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது. மூப்பர் கண்ணைத் திறந்து, இரண்டு பேர் தூக்கிவிட எழுந்தார்.

பிறகு போதகர் ஃபைக்ஸ், அர்னெட்டாவை அறிமுகப்படுத்த எழுந்தார். அவள் பட்டங்களை எல்லாம் வாசித்தார். "நான் இன்னைக்குப் பிரசங்கம் பண்ண வரல" என்றார். இப்படிச் சொல்லி ஆரம்பித்த போதகர் பிரசங்கம் பண்ணாமல் விட்டதாகச் சரித்திரம் இல்லை. அவர் உட்கார்ந்தபோது மணி ஒன்று முப்பத்தைந்து.

பக்கத்துக் கூடத்திலிருந்து பொரித்த கோழியின் வாசனை வந்து வந்து போனது. விசிறிகள் எல்லாம் வேகமாக ஆடின. நாற்பது பக்கத்தோடு அர்னெட்டா எழுந்து நின்றபோது சபை அவளைப் பார்த்த பார்வையில் அன்பு இருந்தது என்று சொன்னால் பொய். சிப்போராம்மா மட்டும் நிமிர்ந்து உட்கார்ந்து, கைப்பையை மடியில் வைத்து, பள்ளிக்கூடத்தில் முதல் பெஞ்சுப் பிள்ளை மாதிரி கேட்கத் தயாரானாள்.

முதல் பத்துப் பக்கம் அர்னெட்டாவே ரசித்துத்தான் வாசித்தாள். யாரும் நிறுத்தவில்லை! பதினோராவது பக்கத்தில், "சொல்லும்மா" என்று வந்துகொண்டிருந்த ஒன்றிரண்டு குரல்கள் நின்றுவிட்டன. பதினான்காவது பக்கத்தில் யாரோ நீளமாக, "ஆண்டவரே, இவளுக்கு ஒத்தாசை பண்ணும்!" என்றார்கள்.

வெளியூர்க்காரர்களுக்கு அது ஜெபம் மாதிரிக் கேட்கும். அந்தச் சபையில் அதற்கு ஒரே அர்த்தம்தான்: தாயே, நீ முழுகிக்கொண்டிருக்கிறாய். அர்னெட்டாவுக்குத் தெரியும். தன் புத்தகத்தில் அதற்கும் ஒரு அடிக்குறிப்பு போட்டிருக்கிறாள். காது மடல் சுட்டது. பக்கத்தைத் திருப்பினாள். இன்னும் இருபத்தாறு இருந்தது.

அந்தத் தடித்த கட்டைப் பார்த்தபோதுதான் அவளுக்கு உறைத்தது. சொல்ல வேண்டியது நாற்பதாவது பக்கத்தில் இருக்கிறது. அடக்கத்தன்று ஒன்பதில் ஒன்பதாவது தாள். இன்றைக்கு நாற்பதில் நாற்பதாவது. இடம் கொடுக்கக் கொடுக்க அதைப் பின்னால் பின்னால் தள்ளிக்கொண்டே போயிருக்கிறாள். நானூறு பக்கம் கொடுத்திருந்தால் நானூறாவதில் வைத்திருப்பாள். ஆறு வருஷமாக யார்மேல் பழி போட்டுக்கொண்டிருந்தாள்! கூடம் கோணல் என்று சொன்ன ஆடத் தெரியாதவள் கதைதான். நாற்பது தாளையும் கவிழ்த்து வைத்துவிட்டு, வெறும் கையோடு சபையைப் பார்த்தாள்.

"பீடம் அவங்களோடது, கடிகாரம் நம்மளோடது. அந்த வரியை வச்சுத்தான் எனக்கு வேலை, பேரு, எல்லாம். அது நான் சொன்னதில்ல. எங்கம்மா யூலேலியா ஸ்டால்வொர்த், இந்தச் சர்ச் சமையல்ரூம்ல பாத்திரம் தேய்ச்சுக்கிட்டே சொன்னது. நான் எடுத்துக்கிட்டேன். அவங்க பேரைப் போடல. அவங்க உயிரோட இருந்தப்பவும் சொல்லல, செத்தப்பவும் சொல்லல. இப்ப சொல்றேன்."

விசிறிகள் நின்றன. கோழி வாசனையைக்கூட ஒரு நிமிடம் யாரும் கவனிக்கவில்லை.

அத்தோடு உட்கார்ந்திருக்க வேண்டும். ஆனால் கால் மடங்கவில்லை. இந்த ஆலயத்தில் அவளாக எப்போது உட்கார்ந்திருக்கிறாள்? எப்படி முடிப்பது என்று அவளுக்கும் தெரியவில்லை. "அதாவது, ஒரு ஆய்வாளரா நான் இதை எப்படிப் பாக்கறேன்னா..." என்று வாய் தானாகப் போயிற்று. "ஆதாரம் காட்டற முறைன்னு ஒண்ணு இருக்கு. அதுல வாய்மொழியா வர்றதை..." தன் குரல் தன் காதிலேயே, கண்டமெல்லாம் சுற்றி வந்து மறுபடி காலையில் எழுந்த மூப்பரின் குரலாக விழுந்தது. கண்ணில் நீர் வழிகிறது, வாய் அடிக்குறிப்பு பேசுகிறது. அடக்கத்தன்றும் நாலாவது தாளில் இப்படித்தான் நின்றாள். இப்போது ஞாபகம் வந்தது. அன்று பாட்டு வந்து அவளைத் தூக்கி உட்கார வைத்தது.

முன்வரிசையைப் பார்த்துக் கெஞ்சினாள், கண்ணால்தான். சிப்போராம்மா ஆள்காட்டி விரலை எடுத்துத் தன் மூடின உதட்டின்மேல் வைத்தாள். கை குலுக்கியது நினைவிருக்கிறதா என்று புருவம் கேட்டது.

வேறு வழி இல்லை. அர்னெட்டா கண்ணை மூடிக்கொண்டு தானே பாட்டை எடுத்தாள். தன்னைத் தானே பாடி உட்கார வைத்த பேச்சாளர் அந்தச் சபையில் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. சுருதி எட்டாத உயரத்தில் போய் நின்றது. முதல் அடியிலேயே குரல் கீறி உடைந்தது. இரண்டாவது அடியைத் தனியாகப் பாடினாள். தாய்மார் யாரும் வாய் திறக்கவில்லை, சிப்போராம்மா உயிரோடு அங்கே உட்கார்ந்திருக்கிறாளே. மூன்றாவது அடிக்கு மூச்சு வரவில்லை.

அப்போது முன்வரிசையிலிருந்து ஒரு முனகல் கிளம்பியது. மண்ணுக்குள்ளிருந்து வருகிற மாதிரி தாழ்ந்த, தடித்த முனகல். அது அர்னெட்டாவின் உடைந்த சுருதிக்கு அடியில் போய்த் தோள் கொடுத்து, மெல்ல இறக்கி, எல்லாரும் எட்டிப் பிடிக்கிற இடத்தில் கொண்டுவந்து வைத்தது. சிப்போராம்மாவின் தொப்பி இறகு ஆடியது. கன்னம் அதிர்ந்தது. வாய் மட்டும் திறக்கவே இல்லை.

அவ்வளவுதான். மற்ற தாய்மார் பிடித்தார்கள், மூப்பர் பிடித்தார், நாலாவது வரிசை பிடித்தது, ஜெரால்டீன் டப்பா மூடியை மறந்து அழுதுகொண்டே பிடித்தாள். சபை எழுந்து நின்றது. அர்னெட்டா உட்கார்ந்தாள். உட்கார்ந்து, சின்னப் பிள்ளை மாதிரி விம்மி விம்மி அழுதாள்.

விருந்துக் கூடத்தில் கோழி ஆறிப்போயிருந்தது, ஆனாலும் ஒரு துண்டு மிச்சமில்லாமல் போய்க்கொண்டிருந்தது. அர்னெட்டா தட்டோடு சிப்போராம்மாவின் எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

"சிப்போராம்மா, முனக முடியும்னா மூப்பரோட ஜெபத்துலயே முனகியிருக்கலாமே?"

"முனகியிருக்கலாம்தான்." ஆசீர்வாதம் முடிந்துவிட்டதால் சிப்போராம்மாவின் வாய் பேசுவதற்கும் தின்பதற்கும் சேர்த்தே திறந்திருந்தது. "ஆனா ஆசைப்பட்டுக் கேட்டவ நீ. நீ அனுபவிக்க வேண்டாமா?"

அர்னெட்டா கீரையைக் கிளறிக்கொண்டே இருந்தாள். "அம்மாவுக்குத் தெரிஞ்சிருக்குமா? அந்த வரியைப் பத்தி."

"தெரிஞ்சிருக்குமாவா? புத்தகம் கைக்கு வந்த அன்னைக்கே தூக்கிக்கிட்டு என் வீட்டுக்கு வந்துட்டா. அந்த வரியில விரலை வச்சுக் காட்டினா."

"என்ன சொன்னாங்க?"

"'சிப்போரா, என் மக திருடறதுன்னா நல்லதாப் பாத்துத்தான் திருடறா'ன்னா. சொல்லிட்டு விழுந்து விழுந்து சிரிச்சா. அப்புறம், 'என்னைக்காவது அவளா வந்து சொல்லுவா, நீ அவசரப்படுத்தாதே'ன்னா." சிப்போராம்மா ஒரு கோழி எலும்பைத் தட்டின் ஓரத்தில் வைத்தாள். "அடக்கத்தன்னைக்கு நீ சொல்ல வரலடி. அழ முடியாம நின்னே. அதான் பாட்டை எடுத்தேன்."

அர்னெட்டாவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. மூக்கைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள். "அடுத்த பதிப்புல அம்மா பேரை முதல் பக்கத்துலயே போடறேன். சும்மா போட்டாப் பத்தாதும்மா. முன்னுரையில இதை விளக்கணும். வாய்மொழி மரபுல ஆசிரியர் யாருங்கற கேள்வியை மூணு விதமாப் பாக்கலாம். முதலாவது..."

சிப்போராம்மாவின் வாய் நிறையக் கேரமல் கேக் இருந்தது. அவள் வாயைத் திறக்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு முனக ஆரம்பித்தாள்.

அர்னெட்டா பேச்சை நிறுத்திவிட்டுக் கோழியை எடுத்துக் கடித்தாள்.